கோமாளிக்கு முதலாளி ஆசை

"காமெடியன் காமெடியனா இருந்துட்டுப் போகணும்ணே. நானே கதை எழுதுறேன், நானே படம் எடுக்கிறேன்னு கெளம்புனான்னா அன்னையோட சோலி முடிஞ்சது."

வண்டியூரில் இதைச் சொல்வதற்கு ஒருவர் சினிமாவில் இருந்திருக்க வேண்டியதில்லை. ஆட்டோ ஸ்டாண்டில் சொல்வார்கள். சலூனில் சொல்வார்கள். தெப்பக்குளத்துச் சுவரில் சாயங்காலம் காற்று வாங்க உட்காரும் ஓய்வுபெற்ற வாத்தியாரும் சொல்வார். சொன்ன கையோடு மூன்று பெயர்களை அடுக்குவார்கள்: என்.எஸ்.கிருஷ்ணன், சந்திரபாபு, வடிவேலு. முதலாமவர் சொந்தப் படம் எடுத்துச் சொத்தை விட்டார். இரண்டாமவர் வீட்டை விட்டார். மூன்றாமவர் கதாநாயகனாகப் போய் இருந்த இடத்தையும் விட்டார். மூன்று சாட்சி போதும், வழக்கு முடிந்தது.

டீக்கடைப் பேச்சுதானே என்று விட்டுவிடலாம். ஆனால் கோடம்பாக்கத்தில் பணம் போடுகிறவர்களும் படம் வாங்கி வெளியிடுகிறவர்களும் பேசுவது இதே பேச்சுத்தான், வார்த்தை மட்டும் கொஞ்சம் வெளுப்பாக இருக்கும். இதைக் கேட்டுக் கேட்டுத்தான் எங்கள் தெருவில் ஒரு பையன் முழிக்கிறான். பகலில் ஒரு கூரியர் கம்பெனியில் மூட்டை ஏற்றுகிறான். ராத்திரியில் நாலு கூட்டாளிகளைச் சேர்த்துக்கொண்டு கைபேசியில் சிரிப்புப் படம் எடுக்கிறான். எழுத்து, நடிப்பு, வெட்டு, ஒட்டு எல்லாம் அவனே. அவனுடைய அப்பா சொல்லும் புத்தி: "நல்லா நடிக்கிறீல்ல, எவனாச்சும் பெரிய டைரக்டர் கால்ல விழுந்து ஒரு ஓரமா நில்லு. மொதலாளி வேலை நமக்கு எதுக்குடா?" அந்த அப்பாவைக் குறை சொல்ல மாட்டேன். அவருக்கு இந்தப் புத்தியைக் கொடுத்த வரலாறுதான் தப்பு. அதை எடுத்துப் பார்ப்போம்.

வடிவேலுவிலிருந்து ஆரம்பிக்கிறேன். மதுரைக்காரர், இங்கே அவர் பேச்சு வந்தால் ஆளுக்கு ஒரு கருத்து இருக்கும். 2006-இல் சிம்புதேவன் இயக்கிய 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி'யில் அவர் கதாநாயகன். படம் பெரிய வெற்றி. 2008-இல் தம்பி ராமையா இயக்கிய 'இந்திரலோகத்தில் நா அழகப்பன்' தோல்வி. "பார்த்தீங்களா, அங்கதான் சறுக்குனாரு" என்பார்கள். சறுக்கினாரா? 2009 தீபாவளிக்கு வந்த 'ஆதவன்' யாருக்காக இன்றைக்கும் டிவியில் ஓடுகிறது? 2010-இல் சுந்தர்.சி.யின் 'நகரம் மறுபக்கம்', 2011 பொங்கலுக்கு 'காவலன்'. அழகப்பனுக்குப் பின் மூன்று வருஷம் மனிதர் உச்சத்திலேயே நின்றார். திரையில் ஆளைக் காணாமல் போனது 2011 சட்டமன்றத் தேர்தலில் தி.மு.க.வுக்காக ஊர் ஊராகப் பேசி, அந்தப் பக்கம் தோற்ற பிறகு. அரசியல் மேடை செய்த வேலையைக் கதாநாயக வேஷத்தின் தலையில் கட்டுகிறோம். பிற்பாடு '24ஆம் புலிகேசி' நின்றதும், பஞ்சாயத்து தயாரிப்பாளர் சங்கம் வரை போய் 2021-இல் தீர்ந்ததும் வேறு கதை. அதில் யார் பக்கம் நியாயம் என்பது இங்கே எனக்கு வேண்டாத வேலை.

அதைவிட முக்கியமான ஒன்று இருக்கிறது. புலிகேசிக்குப் பணம் போட்டது இயக்குநர் ஷங்கரின் நிறுவனம். வடிவேலு அதில் சம்பளத்துக்கு நடித்த நாயகன். ஆகவே 'சொந்தப் படம் எடுத்துக் கெட்டவர்கள்' பட்டியலில் அவர் பெயர் வருவதற்கே இடமில்லை. கதாநாயகன் ஆவது ஒன்று, தன் சரக்குக்குத் தானே சொந்தக்காரன் ஆவது வேறொன்று. இந்த இரண்டையும் ஒரே மூட்டையில் கட்டுவதுதான் இந்தப் பேச்சின் முதல் கோளாறு. நான் பேசப்போவது இரண்டாவதைப் பற்றி.

அது சினிமாவோடு வந்த புது ஆசையும் அல்ல. சந்தேகம் இருந்தால் வைகைக்கு இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ ஏதாவது ஒரு ஊரில் பொங்கல் சாட்டியிருக்கும்போது ராத்திரி போய்ப் பார்க்கலாம். வள்ளி திருமணம் நாடகம் போட்டிருப்பார்கள். மதுரைப் பக்கத்து ஸ்பெஷல் நாடகத்தின் வழக்கமே தனி. ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் ஒரு ஊர், பபூன் இன்னொரு ஊர். ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பேசி முன்பணம் கொடுத்திருப்பார்கள். ஒத்திகை கிடையாது, இயக்குநர் கிடையாது. ஆர்மோனியக்காரரும் மிருதங்கக்காரரும் ஆல்ரவுண்டுக்காரரும் பக்கவாட்டு பெஞ்சில் உட்கார்ந்திருக்க, பத்தரை பதினோரு மணிக்கு முதலில் மேடைக்கு வருகிறவர் பபூன். வள்ளியும் முருகனும் வர இன்னும் நெடுநேரம் இருக்கும். அதுவரை கூட்டத்தைக் கட்டிப்போடுவது அந்த ஒற்றை ஆள். பாடுவார், பேசுவார், பெஞ்சில் இருக்கும் ஆர்மோனியக்காரரை வம்புக்கு இழுப்பார், அவரும் உட்கார்ந்த இடத்திலிருந்தே எதிர்க்கேள்வி போடுவார். பிறகு டான்ஸ் ஆடும் அம்மா வருவார். நடுரோட்டில் இருவரும் மோதிக்கொள்வார்கள், வாய்ச்சண்டை, அப்புறம் காதல். இதில் ஒரு வார்த்தைகூட வள்ளி கதையில் இல்லை. யாரும் அவருக்கு எழுதிக் கொடுத்ததும் இல்லை. குழந்தைகள் முன்வரிசையில் தூங்கிவிட்டார்களா, ஊர்ப் பெரியவர் முகம் சுளிக்கிறாரா என்று பார்த்துப் பார்த்து அந்த இடத்திலேயே கூட்டிக் குறைத்துக்கொள்வார்.

எழுத்து அவருடையது, நடிப்பு அவருடையது, எவ்வளவு நேரம் என்பதும் பாதிக்கு மேல் அவர் கையில். ராஜபார்ட்டுக்குக் கிடைக்காத சுதந்திரம் இது. முருகன் வேஷக்காரர் சங்கரதாஸ் சுவாமிகள் போட்ட பாதையை விட்டு நகர முடியாது. பபூனுக்குப் பாதையே கிடையாது. இந்த மண்ணில் சிரிக்க வைப்பவன் ஆதியிலிருந்தே தன் கடைக்குத் தானே முதலாளி. சினிமாதான் அவனைக் கூலிக்கு வைத்தது.

என்.எஸ்.கே. இந்த நாடக உலகத்திலிருந்து வந்தவர். 1908-இல் நாகர்கோவில் ஒழுகினசேரியில் பிறந்தார். வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்து, டி.கே.எஸ். சகோதரர்களின் ஸ்ரீ பால ஷண்முகானந்த சபாவில் சேர்ந்து மேடையேறினார். 1936-இல் 'சதி லீலாவதி' வருகிறது. எஸ்.எஸ்.வாசனின் கதை, எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கம். டங்கனுக்குத் தமிழ் தெரியாது. தமிழ் தெரியாத இயக்குநரிடம் ஒரு நகைச்சுவை நடிகர் மாட்டினால் என்ன செய்வார்? கிருஷ்ணன் தன் காட்சிகளைத் தானே கட்டிக்கொண்டார். அன்று பிடித்த அந்தப் பிடியை அவர் கடைசி வரை விடவில்லை.

அந்தக் காலத்துப் படங்களில் பிரதான கதை ஒரு பக்கம் ஓடும், நகைச்சுவை வேறொரு பக்கம் ஓடும். இதைக் குறையாகவே எழுதி வந்திருக்கிறார்கள் நம் விமர்சகர்கள். வேறொரு கோணத்தில் பாருங்கள். அந்தத் தனிப் பகுதிக்கு எழுத்தும் பாட்டும் நடிகர்களும் கிருஷ்ணனின் குழுவே கொண்டுவந்தது. டி.ஏ.மதுரம் ஜோடி. பாட்டுக்கு உடுமலை நாராயண கவி. கூட நடிக்கப் புளிமூட்டை ராமசாமி, காகா ராதாகிருஷ்ணன் போன்றவர்கள். முதலாளி படத்தை எடுத்தார், கிருஷ்ணன் அந்தப் படத்துக்குள் இன்னொரு படத்தை எடுத்தார். தயாரிப்பாளர் கொடுத்த ஃபிலிமில் தன் சொந்தப் படத்தை எடுத்த ஆளை 'துணை நடிகர்' என்று எந்தக் கணக்கில் சேர்ப்பது?

அது போதாமல் தனியாகவும் எடுத்தார். 1941-இல் வந்த 'சந்திரஹரி'யைச் சொல்ல வேண்டும். பொய்யே பேசாத அரிச்சந்திரனைத் தலைகீழாகப் புரட்டி, மெய்யே பேசாத சந்திரஹரி என்று பம்மல் சம்பந்த முதலியார் எழுதிய கேலி நாடகம் அது. அரிச்சந்திர மயான காண்டம் கேட்டுக் கண்ணீர் விட்ட தலைமுறைக்கு முன்னால் இதைப் படமாக எடுத்து வைக்க எந்த முதலாளிக்குத் துணிச்சல் வரும்? துணை வேஷத்துக்குக் கூப்பிட்டவர்கள் யாரும் அவருக்கு அந்த வாய்ப்பைத் தந்திருக்க மாட்டார்கள்.

இனி அந்தப் பெரிய சரிவு. 1944 நவம்பரில் சென்னை வேப்பேரியில் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் குத்தப்பட்டு இறந்தார். எம்.கே.தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945-இல் ஆயுள் தண்டனை. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், திரும்பி வந்து, 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலை. ஒரே வழக்கு, ஒரே சிறை, ஒரே விடுதலை. பாகவதர் எப்பேர்ப்பட்ட நட்சத்திரம்! சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி பார்த்த 'ஹரிதாஸ்' அவர் படம். வெளியே வந்தபின் அவர் எடுத்த 'ராஜமுக்தி' 1948-இல் விழுந்தது. பழைய இடம் அவருக்குத் திரும்பக் கிடைக்கவே இல்லை. கிருஷ்ணனுக்கோ வந்த வருஷமே 'பைத்தியக்காரன்', அடுத்த வருஷம் 'சந்திரலேகா', அதற்கடுத்த வருஷம் 'நல்ல தம்பி'.

இங்கே ஒருவர் குறுக்கே வரலாம். "ராஜமுக்தியும் பாகவதரின் சொந்தப் படம்தானே? அப்ப சொந்தப் படம் ஒருத்தரைக் கவிழ்த்துச்சா இல்லியா?" நியாயமான கேள்வி. பாகவதரின் மூலதனம் அவருடைய குரலும் அந்தக் குரலுக்கு இருந்த காலமும். அவர் உள்ளே இருந்த இரண்டு வருஷத்துக்கு மேலான இடைவெளியில் காலம் நகர்ந்துவிட்டது. கிருஷ்ணனின் மூலதனம் ஒரு குழு. அவர் கம்பி எண்ணியபோதும் அந்தக் குழு வேலை செய்தது. மதுரமும் எஸ்.வி.சகஸ்ரநாமமும் என்.எஸ்.கே. நாடக சபாவை நடத்தினார்கள். அங்கே மேடையேறிய நாடகம்தான் 'பைத்தியக்காரன்' படமாக மாறியது. கிருஷ்ணன்-பஞ்சு இயக்கினார்கள். என்.எஸ்.கே. விடுதலையாகி வந்ததும் அவருக்கு அதில் இடம் தயாராக இருந்தது. போன இடத்தைப் பற்றியே பாட்டுப் பாடிச் சிரிக்க வைத்தார். கொலை வழக்கில் தண்டனை பெற்றுத் திரும்பிய ஆள், ஊர் என்ன சொல்லுமோ என்று பதுங்காமல், சிறையையே சரக்காக்கினார். அடுத்தவர் படத்தில் ஓரமாக நிற்கும் நடிகர் இதைச் செய்ய முடியுமா? அவரை முதலில் யார் கூப்பிட்டிருப்பார்கள்?

அதே குழுவிலிருந்து பிரிந்துபோன கே.ஆர்.ராமசாமி கிருஷ்ணன் நாடக சபா ஆரம்பித்தார். அண்ணாதுரையின் 'வேலைக்காரி'யும் 'ஓர் இரவு'ம் அந்த சபா மேடையில்தான் ஏறின. திராவிட இயக்க நாடகத்தையும் சினிமாவையும் பற்றிப் புத்தகம் புத்தகமாக எழுதியிருக்கிறார்கள். அதன் வேரில் ஒரு காமெடியன் கட்டி வைத்த கம்பெனி இருந்தது என்பது அந்தப் புத்தகங்களில் அடிக்குறிப்போடு நின்றுவிடுகிறது.

'நல்ல தம்பி' 1949. அண்ணாதுரையின் எழுத்து, கிருஷ்ணன்-பஞ்சு இயக்கம், என்.எஸ்.கே.யின் சொந்தத் தயாரிப்பு, நாயகனும் அவரே. அதில் வரும் கிந்தனார் காலட்சேபத்தை இன்றைக்கும் உட்கார்ந்து பார்க்கலாம். கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் கீர்த்தனை நடையை எடுத்துக்கொள்கிறார். காலட்சேபக்காரர் தோரணை, பின்பாட்டு, இடையிடையே வசனம், எல்லாம் சுத்த சம்பிரதாயம். ஆனால் கதை? நந்தன் சிதம்பரம் போக ஏங்கினான், கிந்தன் பட்டணத்துப் பள்ளிக்கூடம் போக ஏங்குகிறான். நந்தன் நெருப்பில் இறங்கினான், கிந்தன் ரயிலில் ஏறுகிறான். எந்தச் சாதிக்காரனையும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார வைத்துவிட்ட ரயிலுக்கு ஒரு துதி வருகிறது. சாமிக்குப் பாடுகிற மெட்டில் இன்ஜினைப் பாடுகிறார் மனிதர். கேலி யார் மேல் என்று கவனியுங்கள். கிந்தன் மேல் ஒரு சொட்டுக்கூட விழவில்லை. அவனை உள்ளே விடாத ஊர் மேல்தான் அவ்வளவும் விழுகிறது.

"அது பிரச்சாரம் சார், காமெடி இல்ல" என்று ஒரு கூட்டம் சொல்லும். படித்தவர்கள் கூட்டம். என்.எஸ்.கே. சிரிப்பை மருந்துக்குத் தேனாகப் பயன்படுத்தினார் என்று மேடைக்கு மேடை சொல்லிச் சொல்லி அந்த உவமையே தேய்ந்துவிட்டது. எனக்கு அதில் உடன்பாடில்லை. கிந்தனாரில் மருந்து தனி, தேன் தனி என்று பிரிக்கவே முடியாது. பக்தி மெட்டில் ரயில் ஓடுவதே சிரிப்பு, அந்தச் சிரிப்பே கருத்து. யாரைப் பார்த்துச் சிரிக்கலாம் என்பதைத் தானே முடிவு செய்யும் இடத்தில் ஒரு நகைச்சுவைக்காரர் உட்கார்ந்தால்தான் இது நடக்கும். கூலிக்கு நிற்கும் காமெடியனுக்கு எழுதிக் கொடுக்கப்படுவது என்ன? குண்டு, கறுப்பு, வழுக்கை, திக்குவாய், மாமியார். நம் சினிமாவின் நகைச்சுவை அரை நூற்றாண்டாக உடம்பைக் கேலி செய்தே ஓடியதற்கும், அதைச் செய்தவர்களுக்குச் சொந்தக் கடை இல்லாமல் போனதற்கும் சம்பந்தம் உண்டு என்றே நினைக்கிறேன்.

1951-இல் அவரே இயக்கிய 'மணமகள்'. வசனம் மு.கருணாநிதி. அதற்காகக் கிருஷ்ணன் அவருக்கு ஒரு காரையே பரிசாகக் கொடுத்தார் என்று சொல்வார்கள். பத்மினி தமிழில் நாயகியாக நிலைகொண்டது அந்தப் படத்தில். கண்ணம்மாவைக் கிளியாகக் கொஞ்சும் பாரதி பாட்டுக்கு சி.ஆர்.சுப்பராமன் ராகமாலிகை போட்டதும், எம்.எல்.வசந்தகுமாரியும் வி.என்.சுந்தரமும் பாடியதும் அந்தப் படத்துக்குத்தான். அந்த மெட்டு இன்றும் கச்சேரி மேடைகளில் ஒலிக்கிறது. கேட்டுத் தலையாட்டுகிறவர்களில் எத்தனை பேருக்கு இது ஒரு காமெடியன் எடுத்த படத்துப் பாட்டு என்று தெரியும்? அடுத்த ஆண்டு 'பணம்' இயக்கினார். 'பராசக்தி'யில் அறிமுகமான கையோடு சிவாஜி நடித்த படம். பராசக்தி நம்மூர் தங்கம் தியேட்டரின் முதல் படம் என்று மதுரையில் சொல்லாத பெருசுகள் கிடையாது. அதே வருஷக் கடைசியில் வந்த 'பணம்' பற்றி ஒரு வார்த்தை வராது. அதற்கு முதலீடு வேறொருவருடையது.

ஆக, சொந்தப் படம் எடுத்துக் கெட்டார் என்றால் எந்தப் படத்தால்? இதைக் கேட்டால் ஆட்டோ ஸ்டாண்டிலும் பதில் வருவதில்லை, வாத்தியாரிடமும் வருவதில்லை. கிருஷ்ணனின் கையிருப்பைத் தின்றவை ஊரறிந்த விஷயங்கள். லண்டன் வரை போன ஒரு வழக்கு, வாசலுக்கு வந்தவரை வெறுங்கையோடு அனுப்பத் தெரியாத குணம், 1957 ஆகஸ்டில் நாற்பத்தெட்டு வயதிலேயே கொண்டுபோன நோய். அந்தக் கொடைக்குணத்தைத் தெய்வமாக்கிவிட்டு, அந்தக் கொடைக்குப் பணம் தந்த தொழிலைப் பழிக்கிறோம். 1969 ஜனவரியில் அவருக்குச் சென்னையில் சிலை வைத்தார்கள். அண்ணாவின் கடைசிப் பொது நிகழ்ச்சி அதுதான் என்பார்கள். அரசு அரங்கத்துக்கு அவர் பெயர் வைத்தார்கள். அந்த மனிதர் தன் குழுவை எப்படி நடத்தினார், சம்பளம் எப்படிப் பிரித்தார், பாட்டெழுதியவருக்கு என்ன கொடுத்தார் என்று தொழில் கணக்காக ஒரு புத்தகம் நம்மிடம் இருந்தால் அது எங்கள் தெருப் பையனுக்குச் சிலையைவிடப் பயன்படும்.

சந்திரபாபு வழக்கு இவ்வளவு சுலபமில்லை, ஒப்புக்கொள்கிறேன். தூத்துக்குடியில் பிறந்து இலங்கையில் வளர்ந்தவர். பாட்டு, ஆட்டம், மேல்நாட்டு நடை, எதுவும் யாரிடமும் இரவல் வாங்கியதில்லை. 'சபாஷ் மீனா'வில் சிவாஜி பக்கத்தில் நின்றும் மங்காத ஆள். அவர் எடுக்கத் தொடங்கிய 'மாடி வீட்டு ஏழை' நின்றுபோனது, கடன் ஏறியது, ஆசையாகக் கட்டிய வீடு கைவிட்டுப் போனது. 1966-இல் அவரே இயக்கிய 'தட்டுங்கள் திறக்கப்படும்' ஓடவில்லை. 1974-இல் போய்ச் சேர்ந்தார். எதிர்த்தரப்புக்கு இதைவிட நல்ல சாட்சி கிடைக்காது.

சாட்சியைக் கொஞ்சம் குறுக்கு விசாரணை செய்வோம். 'மாடி வீட்டு ஏழை'யின் நாயகன் யார்? எம்.ஜி.ஆர். படம் ஏன் நின்றது? நாயகனின் கால்ஷீட் வரவில்லை. யார் மேல் தப்பு என்பதில் இரண்டு தரப்புக் கதை உண்டு, அதற்குள் போகவில்லை. ஆனால் அந்தப் படம் 'காமெடியன் சொந்தமாக எடுத்த காமெடிப் படம்' என்ற கணக்கில் எப்படி வரும்? ஒரு பெரிய நட்சத்திரத்தை நம்பி, வட்டிக்குப் பணம் வாங்கி எடுத்த நட்சத்திரப் படம் அது. வில்லன் நடிகர் அசோகன் எம்.ஜி.ஆரை வைத்து 'நேற்று இன்று நாளை' எடுத்துப் பட்ட பாடு சினிமாக்காரர்கள் வாயில் இன்னும் இருக்கிறது. சாவித்திரி 'பிராப்தம்' எடுத்து நொடித்தார். அதற்காக "வில்லன் வில்லனாகவே இருக்கணும்", "கதாநாயகி கதாநாயகியாகவே இருக்கணும்" என்று யாராவது பழமொழி கட்டினார்களா? சொந்தப் படம் எடுத்து நொடித்த நாயகர்கள் எத்தனை பேர்! அவர்களுக்கு நேரம் சரியில்லை என்போம். காமெடியன் நொடித்தால் மட்டும் அவனுக்கு வேண்டாத ஆசை என்போம். இந்த வித்தியாசத்துக்குள்தான் விஷயம் இருக்கிறது. சிரிக்க வைக்கிறவனை நாம் ஒரு படி கீழே வைத்துப் பழகிவிட்டோம். அவன் நாற்காலியில் உட்கார்ந்தால் நமக்குக் கண் உறுத்துகிறது.

சந்திரபாபுவிடம் கிருஷ்ணனிடம் இருந்த குழு இல்லை. தனி ஆளாக இருந்தார். என் கணக்கில் அவரைக் கவிழ்த்தது இதுதான். முழுசாகச் சொந்தக்காலில் நிற்காமல், பாதிக் காலை அடுத்தவர் தேதியில் வைத்ததால் வந்த வினை.

எதிர்த்தரப்பு வசதியாக மறந்துவிடும் பெயர்கள் வேறு இருக்கின்றன. சோ, 'முகமது பின் துக்ளக்' நாடகத்தை 1971-இல் தானே இயக்கி நடித்துப் படமாக்கினார். அன்றைய ஆளுங்கட்சிக்கு அது பிடிக்கவில்லை, இடைஞ்சல்கள் வந்தன, படம் வந்தது, ஓடியது. பிறகும் 'யாருக்கும் வெட்கமில்லை', 'உண்மையே உன் விலை என்ன?' என்று எடுத்தார். அவர் அரசியல் எனக்கு ஒத்துவராது. ஆனால் அப்படி ஒரு அரசியல் கேலியைச் சம்பளத்துக்கு நடிக்கும் காமெடியனாக இருந்து செய்திருக்க முடியாது. பாக்யராஜ் 'சுவரில்லாத சித்திரங்கள்' தொடங்கி 'முந்தானை முடிச்சு' வரை எழுதி, இயக்கி, அசட்டுச் சிரிப்போடு நடுவில் நின்று எண்பதுகளையே தன் பக்கம் வைத்திருந்தார். அவருடைய சீடர் பாண்டியராஜன் 1985-இல் 'ஆண் பாவம்' எடுத்தார். இயக்கமும் நடிப்பும் அவரே. கூட நடித்த பாண்டியன், மீனாட்சி கோயில் பக்கம் வளையல் கடையில் இருந்து பாரதிராஜா கண்ணில் பட்டவர், நம்மூர்ப் பிள்ளை. குள்ளமாக, முட்டைக்கண்ணோடு இருந்த அந்த இயக்குநரை எந்த முதலாளி நாயகனாக்கியிருப்பார்? தன் கையில் கதை இருந்ததால் தனக்குத் தானே வேஷம் கொடுத்துக்கொண்டார். விசு 'சம்சாரம் அது மின்சாரம்' எடுத்துத் தேசிய விருது வாங்கினார்.

"இவங்கல்லாம் டைரக்டர் சார், காமெடியன் கணக்குல வர மாட்டாங்க" என்பார்கள் இப்போது. ரொம்ப சௌகரியம். ஜெயித்தால் டைரக்டர், தோற்றால் காமெடியன். இந்தத் தராசில் எந்தக் காமெடியன் எப்போது ஜெயிக்க முடியும்?

இன்றைக்கு வருவோம். காமெடியன் காமெடியனாகவே இருக்கட்டும் என்று சொல்கிறவர்கள் எந்த இடத்தில் இருக்கச் சொல்கிறார்கள்? கவுண்டமணி, செந்தில் காலத்தில் ஒரு படத்துக்கு ஒரு தனி டிராக் இருந்தது. அதை எழுத ஏ.வீரப்பன் மாதிரி ஆட்கள் இருந்தார்கள். 'கரகாட்டக்காரன்' வாழைப்பழத்தைத் தெரியாதவர் கிடையாது. அதை எழுதிய வீரப்பனை எத்தனை பேருக்குத் தெரியும்? பிறகு அந்த டிராக் மெல்ல மெல்லக் கரைந்தது. இப்போது நாயகனே ஜோக் அடிக்கிறார். காமெடியன் அவருக்கு நண்பனாக நாலு காட்சியில் தலைகாட்டி, இடைவேளைக்கு முன்னால் செத்துப்போகிறார். இருக்கச் சொல்லும் அந்த ஓரத்துத் திண்ணையை வீட்டுக்காரர் இடித்துப் பத்து வருஷம் ஆகிறது.

அதனால்தான் சந்தானம் தயாரிப்பில் இறங்கினார். ஆர்.ஜே.பாலாஜி 'எல்.கே.ஜி'யை எழுதினார், 'மூக்குத்தி அம்மன்' இயக்கத்திலும் கை வைத்தார். மதுரைக்குப் பக்கத்து ராஜாக்கூர்க்காரரான சூரி, 'விடுதலை'க்கும் 'கருடன்' படத்துக்கும் பிறகு 2025-இல் 'மாமன்' படத்துக்குக் கதையையே தன் பெயரில் கொண்டுவந்தார். எல்லாமே நல்ல படங்கள் என்று நான் சொல்ல வரவில்லை. சந்தானத்தின் சில படங்களில் உருவக் கேலி இன்னும் சகிக்கவில்லை. முதலாளி ஆகிவிட்டதால் மட்டும் சிரிப்புச் சுத்தமாகிவிடாது. ஆனால் இது பேராசை என்பவர்களுக்கு ஒன்று சொல்லலாம்: இவர்கள் திண்ணை போனபின் தெருவில் நிற்க மாட்டேன் என்கிறார்கள், அவ்வளவுதான்.

எங்கள் தெருப் பையனுடைய அப்பா போன வாரமும் பிடித்துக்கொண்டார். "அப்ப அவனை இதையே பண்ணச் சொல்றீங்களா தம்பி?" வேலையை விடச் சொல்லவில்லை அண்ணாச்சி என்றேன். வட்டிக்கு வாங்க வேண்டாம். பெரிய நடிகன் தேதி தருகிறேன் என்றால் நம்ப வேண்டாம். அந்த நாலு கூட்டாளிகளை விட்டுவிட வேண்டாம். எவனாவது கதை நல்லா இருக்கு, பேரை மட்டும் எங்களுக்குக் கொடு என்று காசை நீட்டினால் வாங்க வேண்டாம். அவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "அந்தக் காசு எவ்வளவு இருக்கும்?" என்று கேட்டார்.